ஸ்பானிய உணவகத்துப் பாடகி

அவள் ஸ்பெயின்காரி இல்லை என்ற சந்தேகம் எனக்கு ஒரு தாச்சியால் வந்தது. கொதித்த எண்ணெயோடு தாச்சியைத் தூக்கிக்கொண்டு நான் குசினிக்குள் திரும்பியபோது, ஒடுங்கிய வழியில் அவள் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றாள். அந்த அவசரத்துக்கு ஜெர்மன் சொல் வாயில் வரவில்லை. "விலத்துங்கோ" என்றேன். அவள் திரும்பிப் பார்க்காமலே சுவரோடு ஒட்டி நின்று வழிவிட்டாள். நான் தாச்சியை இறக்கி வைத்துவிட்டு நிமிர்ந்தபோது வழியில் யாரும் இல்லை.

சமையற்காரர் ஒரு போர்த்துக்கீசர். அவருக்கும் நான் பலமுறை அதே சொல்லைச் சொல்லியிருக்கிறேன். தோளில் இடித்தால்தான் அவர் விலகுவார். இவள் எப்படி விலகினாள்?

அது தொண்ணூறுகளின் தொடக்கம். ஸ்டுட்கார்ட்டில் ரயில் தண்டவாளங்களுக்குப் பின்புறத் தெருவில் இருந்த ஒரு ஸ்பானிய உணவகத்தில் நான் கோப்பை கழுவிக்கொண்டிருந்தேன். யாழ்ப்பாணத்திலிருந்து வந்து சில வருடங்கள் ஆகியிருந்தன. வதிவிட அனுமதி அப்போதுதான் கிடைத்திருந்தது. முதலாளி அறுபதுகளில் தொழிற்சாலை வேலைக்கென்று வந்தவர். அவருடைய ஊர் கலீசியா. அது ஸ்பெயினின் வடமேற்கு மூலை; எந்த நேரமும் மழை பெய்யும், திருவிழாவுக்குப் பை வாத்தியம் ஊதுவார்கள் என்று அவரே சொல்லுவார். ஆனால் சாப்பிட வரும் ஜெர்மன்காரருக்கு மழை வேண்டியதில்லை, அது அவர்களிடமே தாராளமாக இருந்தது. அவர்களுக்குத் தெற்கு ஸ்பெயின் வேண்டும். அதனால் முதலாளி சுவரில் காளைச் சண்டைப் படங்களைக் கொழுவி, விசிறிகளை ஆணியில் அடித்து, வெள்ளியும் சனியும் மாலையில் ஃபிளமெங்கோ என்ற தெற்கத்திப் பாட்டுக் கச்சேரி வைத்தார்.

கிதார் வாசித்தவர் ஒரு ஜெர்மன்காரர். பகலில் இசைப்பள்ளியில் படிப்பிப்பவர், தெற்கு ஸ்பெயினில் இரண்டொரு வருடம் இருந்து பழகியவர். பாடியவள் அவள். செவில் நகரத்துக்குப் பக்கத்திலே ஒரு கிராமம் என்று முதலாளி ஒவ்வொரு மாலையும் அறிமுகம் செய்து வைப்பார். கறுத்த முகம், இறுக்கி முடிந்த கொண்டை, அதில் ஒரு சிவப்புச் சீப்பு. இருபத்தைந்து வயது மதிக்கலாம். பாட்டு தொடங்கும்போது சொல்லே இருக்காது. "ஆய்" என்று ஒரு குரல் கிளம்பி, வளைந்து, நடுங்கி, இனி மூச்சு இல்லை என்று நாங்கள் நினைக்கும் இடத்தில் இன்னும் ஒருமுறை மேலே ஏறும். சாப்பிட்டுக்கொண்டிருப்பவர்கள் கரண்டியை வைத்துவிடுவார்கள். குசினிக் கதவைச் சற்றே திறந்து வைத்துக்கொண்டு நானும் கேட்பேன்.

தாச்சிக்குப் பிறகு நான் கேட்ட விதம் மாறிவிட்டது. அந்தக் குரலை நான் எங்கோ கேட்டிருக்கிறேன் என்று தோன்றத் தொடங்கியது. ஊரை விட்டு ஓடி வந்த வருடம், இந்தியாவுக்குப் படகு ஏறுவதற்காக மன்னாரில் ஒரு மாதா கோயில் மண்டபத்தில் பல நாட்கள் காத்துக் கிடந்தேன். நான் சைவக்காரன். ஆனால் அது தவக்காலம்; பின்னேரங்களில் பெண்கள் கூடி வியாகுலப் பாட்டுப் பாடுவார்கள். மகனைப் பறிகொடுத்த மாதாவின் அழுகை. சாவு வீட்டு ஒப்பாரிக்கும் அதற்கும் அதிக தூரம் இல்லை. அங்கேயும் சொல்லுக்கு முன்னால் இப்படி ஒரு குரல் கிளம்பும்.

நான் அவளைச் சோதித்துப் பார்த்தேன். ஒருநாள் அவள் குசினி மேசையில் ரொட்டியை மிளகாய் எண்ணெயில் தோய்த்துத் தின்றுகொண்டிருக்கையில், பின்னால் நின்று, யாரோடோ பேசுவதுபோல, "இண்டைக்கு றாலுக்கு உப்புக் கூடிப்போச்சு" என்றேன். அவள் அசையவில்லை. அந்த அசையாமைதான் என் சந்தேகத்தைப் பெருப்பித்தது. தெரியாத மொழியில் ஒருவன் முதுகுக்குப் பின்னால் பேசினால் எந்த மனிதரும் ஒருமுறை திரும்பிப் பார்ப்பார். காதில் விழாததுபோல இருப்பதற்குத்தான் மொழி தெரிந்திருக்க வேண்டும். மீனை அவள் சாப்பிட்ட விதத்தையும் கவனித்தேன். கத்தியும் முள்ளுக்கரண்டியும் பக்கத்தில் கிடந்தன. விரலால் மீன் முள்ளை எடுத்துக் கோப்பையின் ஓரத்தில் வரிசையாக வைத்தாள்.

தமிழ் ஆள் என்றால் ஏன் மறைக்க வேண்டும்? இந்தக் கேள்விக்கு நல்ல பதில் எதுவும் எனக்குத் தோன்றவில்லை. அந்த வருடங்களில் வெளிநாட்டுக்காரர் இருந்த வீடுகளுக்கு நெருப்பு வைத்தார்கள். படியில் கேட்கும் ஒவ்வொரு சப்பாத்துச் சத்தத்துக்கும் நாங்கள் பேச்சை நிறுத்தினோம். வெளியே அந்தப் பயம் என்றால் உள்ளே எங்களுக்கு எங்களிலேயே பயம். புதிதாக ஒரு தமிழரைக் கண்டால், இவர் எந்த இயக்கத்தின் ஆள், எதற்காக இங்கே நிற்கிறார், என்னைப் பற்றி எங்கே போய்ச் சொல்லுவார் என்றுதான் மனம் முதலில் ஓடும். தமிழ் பேசுகிறவரே அப்படி என்றால், தமிழை ஒளித்து வைத்திருப்பவர் எவ்வளவு ஆபத்து? அவள் என்னைக் கவனிப்பதற்காக வந்திருக்கிறாள் என்றுகூட நினைத்தேன். கோப்பை கழுவுபவனிடம் கவனிக்க என்ன இருக்கிறது என்று எனக்கே தெரியும். ஆனாலும் அவள் இருக்கும் நாட்களில் ரெலிபோனில் தமிழ் பேசுவதை நிறுத்திக்கொண்டேன்.

பின்னர்தான் ஒரு மனிதர் வந்தார். ஒரு வியாழக்கிழமை மத்தியானம், உணவகம் இன்னும் திறக்கவில்லை. நான் பின்வாசலில் குப்பையைக் கொட்டிக்கொண்டிருந்தேன். நெடுப்பமான ஆள், முப்பத்தைந்து வயதிருக்கும், இடது புருவத்தை வெட்டிக்கொண்டு ஒரு தழும்பு. வடக்கே வுப்பர்டால் நகரத்திலிருந்து வருவதாகச் சொன்னார். அவ்வளவு தூரத்திலிருந்து எதற்கு என்று நான் கேட்கவில்லை.

"தம்பி, இங்கை ஒரு தமிழ்ப் பிள்ளை வேலை செய்யுதெண்டு சொல்லிச்சினம். மன்னார்ப் பக்கம்."

"இல்லை அண்ணை. இங்கை தமிழெண்டு நான் ஒருத்தன்தான்."

"பாடுற பிள்ளையாம்."

"பாடுறவ ஸ்பெயின்காரி" என்றேன்.

அவர் என் முகத்தைப் பார்த்தார். பிறகு மேல்மாடி ஜன்னலைப் பார்த்தார். சரி என்று சொல்லிவிட்டு, கைகளைச் சட்டைப் பைக்குள் விட்டபடி தண்டவாளப் பக்கம் நடந்து போனார். நான் ஏன் இல்லை என்றேன்? அவளைக் காப்பாற்ற என்று சொன்னால் அது பொய். அந்த நாட்களில் யார் எதைக் கேட்டாலும் என் வாயில் முதலில் வருவது இல்லை என்ற சொல்தான். ஆனால் அவர் மன்னார் என்று சொன்னதும் என் சந்தேகம் முக்கால்வாசி உறுதியாகிவிட்டது.

மேல்மாடி ஜன்னல் அவள் உடை மாற்றும் அறையின் ஜன்னல். புதுப் பாட்டு ஒன்றைப் பழகுவதற்காக அன்று அவள் நேரத்தோடு வந்திருந்தாள் என்பது எனக்குத் தெரியாது. நானும் அந்த மனிதரும் பேசிக்கொண்டு நின்றதை அவள் மேலே இருந்து பார்த்திருக்கிறாள். பேசியது கேட்கவில்லை, பார்த்தது மட்டுந்தான்.

அந்த வெள்ளிக்கிழமை அவள் வரவில்லை. அடுத்த கிழமையும் வரவில்லை. தொண்டை சரியில்லை என்று முதலாளி வந்தவர்களுக்குச் சொன்னார். திரும்பி வந்த பிறகு என்னைக் கண்டால் வேறு வழியால் போனாள். ஒருநாள் முதலாளி என்னைக் கூப்பிட்டு, கோப்பை கழுவுகிற ஆளை மாற்றச் சொல்லி அவள் கேட்பதாகச் சொன்னார். ஏன் என்று கேட்டேன். "உன்னில் அவளுக்கு நம்பிக்கை இல்லை" என்றார். அவள் காரணம் சொல்லவில்லையாம். அவரும் என்னைக் கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தார். பிறகு, இந்தச் சம்பளத்துக்கு வேறு ஆள் கிடைக்காது என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டு போய்விட்டார். நான் காப்பாற்றிய ஒருத்தி என்னை வேலையிலிருந்து எடுக்கப் பார்க்கிறாள் என்று எனக்கு ஆத்திரமாக இருந்தது.

இப்படி ஒருவரையொருவர் ஒளித்துப் பார்த்துக்கொண்டு ஒரு கோடை முழுவதும் போனது. இலையுதிர் காலத்தில்தான் ஒரு பாட்டுப் போட்டி வந்தது.

ரைன் நதிக்கரையில் உள்ள ஒரு நகரத்தில் அதை நடத்தினார்கள். பல நாட்டுப் பாடகர்கள் வந்து, தங்கள் தங்கள் நாட்டுப் பாணியில் புதிதாகக் கட்டிய ஒரு பாட்டைப் பாட வேண்டும், நடுவர்கள் புள்ளி போடுவார்கள், தொலைக்காட்சியிலும் காட்டுவார்கள். முதலாளி அவளை ஸ்பெயினின் பெயரில் சேர்த்துவிட்டார். பாட்டை அவளும் கிதார்க்காரரும் சேர்ந்து கட்டியிருந்தார்கள். பூட்டிய வீட்டின் சாவியைக் கிணற்றுக்குள் போட்டுவிட்டுப் போகும் ஒரு பெண்ணின் பாட்டு என்று கிதார்க்காரர் எனக்கு விளங்கப்படுத்தினார்.

உணவகத்து வானை நான்தான் ஓட்ட வேண்டியிருந்தது. முதலாளியின் லைசென்ஸை, ஒரு திருமண விருந்துக்குப் பிறகு, பொலிஸ் வாங்கி வைத்திருந்தது. கிதார்க்காரருக்கு நாரி நோ, நெடுநேரம் இருந்து ஓட்ட ஏலாது. குதிக்கால் தட்டி ஆடும் பலகை ஒன்று இருக்கும், நல்ல பாரம். அதையும் நான்தான் தூக்க வேண்டும். நான் ஓட்டுவதானால் தான் ரயிலில் வருகிறேன் என்று அவள் சொன்னதாகவும் முதலாளி சிரித்தே அதைச் சமாளித்ததாகவும் கிதார்க்காரர் சொன்னார். வழி நெடுக அவள் பின் இருக்கையில் இருந்தாள். கண்ணாடியில் பார்த்தபோதெல்லாம் அவளுடைய கண் என் பிடரியில் இருந்தது.

மண்டபத்துக்குப் போனதும் ஒத்திகை. ஒவ்வொரு நாட்டுக்காரரும் கொஞ்ச நேரம் மேடையில் நின்று ஒலிவாங்கியைச் சரிபார்த்தார்கள். நடுவர்களில் ஒரு பெண் செவில் நகரத்தவர், வயதானவர், சின்ன வயதில் தானும் பாடகியாக இருந்தவராம். அவர் முன்வரிசையில் இருந்து கேட்டார். ஒத்திகை முடிந்ததும் மேடையடிக்கு வந்து அவளோடு ஸ்பானிய மொழியில் பேசத் தொடங்கினார். சிரித்துத்தான் தொடங்கினார். கொஞ்சத்தில் சிரிப்புப் போய்விட்டது. கேள்வி கேட்பதும் தலையைச் சரித்துக் கேட்பதுமாக நின்றார். முதலாளி இடையில் புகுந்து ஏதோ சொல்ல, அந்த அம்மா அவரைக் கையால் நிறுத்தினார்.

என்ன நடந்தது என்பதைக் கிதார்க்காரர் எனக்கு மெதுவாகச் சொன்னார். தெற்கத்தி ஆட்கள் பேசும்போது சொல்லின் கடைசி எழுத்தை விழுங்கிவிடுவார்களாம். இவள் ஒன்றையும் விழுங்கவில்லை. அதோடு இவளுடைய பேச்சு கலீசியாக்காரருடைய பேச்சைப்போல ஏறி இறங்குகிறதாம். செவிலுக்குப் பக்கத்தில் பிறந்த பெண் எப்படிக் கலீசியாக்காரியாகப் பேச முடியும் என்று அந்த அம்மா கேட்டிருக்கிறார். எனக்கு அப்போதே விளங்கிவிட்டது. அவள் ஸ்பானிய மொழியை எங்கள் குசினியில், முதலாளியிடமும் அவருடைய மனைவியிடமும் படித்திருக்கிறாள். முதலாளியின் நெற்றி வியர்த்திருந்தது. போட்டியை நடத்துபவர்களில் ஒருவர் வந்து, பாடகர் எந்த நாட்டில் பிறந்தாரோ அந்த நாட்டின் பெயரில்தான் பாடலாம், ஏதாவது பிசகு இருந்தால் இப்போதே சொல்லிவிடுங்கள் என்று மரியாதையாகச் சொல்லிவிட்டுப் போனார். முதலாளி, எல்லாம் சரி, எல்லாம் சரி என்றார்.

நான் பலகையை மேடைக்குப் பின்னால் சாத்திவிட்டு, சாமான் இறக்கும் வாசலில் நின்று சிகரெட் பற்றவைத்தேன். கதவு திறந்தது. அவள் முழு ஒப்பனையோடு, கறுப்புச் சேலைபோல ஒரு சால்வையைத் தோளில் இழுத்து மூடிக்கொண்டு, எனக்கு முன்னால் வந்து நின்றாள்.

"அந்தக் கிழவியிட்டை நீங்கள்தானே சொன்னது?" என்றாள்.

அவள் வாயிலிருந்து நான் கேட்ட முதல் தமிழ் அது. இவ்வளவு காலம் நினைத்துக்கொண்டிருந்தது உண்மையாகி முன்னால் நின்றபோது எனக்குச் சந்தோசம் வரவில்லை. மாட்டிக்கொண்டவன்போல நான்தான் சுற்றுமுற்றும் பார்த்தேன்.

"எனக்கு ஸ்பானிஷ் தெரியாது. நான் என்னண்டு சொல்லுறது?"

"அப்ப பின்வாசலிலை வந்த மனிசன்? அந்தாளிட்டை என்ன சொன்னனீங்கள்?"

"தமிழ்ப் பிள்ளை ஒண்டும் இங்கை இல்லையெண்டு சொன்னனான்."

அவள் நம்பவில்லை. தன்னைத் தெரியாமலே எதற்காக அப்படிச் சொன்னேன் என்று கேட்டாள். எல்லாருக்கும் அப்படித்தான் சொல்லுறனான் என்றேன். பிறகு, ஆள் எப்படி இருந்தார் என்று கேட்டாள். நெடுப்பம், வுப்பர்டால், புருவத்தில் தழும்பு என்றேன். தழும்பு என்றதும், எந்தப் பக்கத்துப் புருவம் என்று கேட்டாள்; இடது என்றேன். யாரோ அனுப்பிய ஆள் என்றுதான் அதுவரை நினைத்திருந்தாளாம். மேல்மாடியிலிருந்து உச்சந்தலை மட்டுந்தான் தெரிந்திருக்கிறது; அவர் அண்ணாந்து பார்த்தபோது அவள் திரைக்குப் பின்னால் ஒதுங்கிவிட்டாளாம்.

"அது அவர்தான்" என்றாள். "நான் கட்டினவர்."

அந்த வாசலில் நின்றுதான் அவள் தன் கதையைச் சொன்னாள், துண்டு துண்டாக, கதவைப் பார்த்துப் பார்த்து. மன்னாரில் தகப்பனும் தமையன்மாரும் பேசி முடித்து, பத்தொன்பது வயதில் அவளை வுப்பர்டாலுக்கு அனுப்பியிருக்கிறார்கள். அங்கே கோயிலில் கலியாணம். மாப்பிள்ளையை அதற்கு முன்பு புகைப்படத்தில்தான் கண்டிருக்கிறாள். அவர் அடிக்கவுமில்லை, குடிக்கவுமில்லை. ஆனால் அவளோடு அவர் பேசவில்லை. வேலைக்குப் போகும்போது கதவை வெளியே பூட்டிக்கொண்டு போனார். ஏனென்று கேட்டால், ஊர் கெட்டுக் கிடக்கு என்பாராம். மூன்று மாதம் இருந்தாள். ஒருநாள் அவர் பூட்ட மறந்துவிட்டார். கையில் கிடைத்த உடுப்போடு முதல் வந்த ரயிலில் ஏறினாள். ஸ்டுட்கார்ட்டில் யாரையும் தெரியாததால், கண்ணில் பட்ட ஒரு கோயிலுக்குள் போனாள். அது ஸ்பானியத் தொழிலாளர்கள் கூடும் கோயில். அந்தக் கிழமை பெரிய வெள்ளி. ஒரு தெற்கத்தித் தொழிலாளிப் பெண், மாதா சொரூபத்துக்கு முன்னால் எழுந்து நின்று, வாத்தியம் ஒன்றும் இல்லாமல் பாடினாளாம்.

"எங்கடை பாட்டெண்டு நினைச்சிட்டன். சொல்லு விளங்கேல்லை, ஆனா எனக்கு அழுகை வந்திட்டுது."

அங்கே கண்ட முதலாளியின் மனைவிதான் அவளை வீட்டுக்குக் கூட்டிப் போனவர். தமிழர் கண்ணில் படக்கூடாது என்பதற்காகத் தமிழை விட்டாள். யாராவது தன்னை அடையாளம் கண்டு வுப்பர்டாலுக்குச் செய்தி சொன்னால், தமையன்மாருடைய பெயரைச் சொல்லி யாராவது வந்து தன்னை இழுத்துக்கொண்டு போவார்கள் என்பது அவளுடைய நினைப்பு. ஸ்பெயின்காரி என்ற யோசனை முதலாளியுடையது. அவளுக்கு அது வசதியாக இருந்தது.

உள்ளே மணி அடித்தது. நான் சிகரெட்டை அணைத்துவிட்டு, "என்னை நம்ப வேண்டாம். போய்ப் பாடிட்டு வாங்கோ" என்றேன். நம்பேல்லைத்தான் என்று சொல்லிவிட்டுத்தான் அவள் உள்ளே போனாள்.

நான் திரைச்சீலைக்குப் பக்கத்தில் நின்று பார்த்தேன். பாடுவதற்கு முன்பு ஒவ்வொருவரிடமும் அறிவிப்பாளர் இரண்டு கேள்வி கேட்பார். மினுமினுக்கிற சட்டையும் பெரிய சிரிப்புமாக ஒரு மனிதர். முதலாளி அவளுக்குப் பதிலைப் பாடமாக்கிக் கொடுத்திருந்தார்: செவிலுக்குப் பக்கத்தில் ஒரு கிராமம். செவில் அம்மா நடுவர் மேசையில் கையைக் கட்டிக்கொண்டு இருந்தார். எங்கிருந்து வருகிறீர்கள் என்று அறிவிப்பாளர் கேட்டார்.

அவள் செவில் அம்மாவைப் பார்த்தாள். பிறகு ஜெர்மன் மொழியில், "ஸ்டுட்கார்ட்டிலிருந்து" என்றாள். மண்டபம் சிரித்துக் கைதட்டியது. அறிவிப்பாளரும் சிரித்துவிட்டு, அதற்கு முன்பு எங்கே என்று கேட்டார்.

"மன்னார்" என்றாள்.

அறிவிப்பாளர், ஆகா மன்னார், அங்கே நல்ல வெயில் இருக்கும் என்றார். அவர் அதை ஸ்பெயினிலே ஒரு ஊர் என்று நினைத்துக்கொண்டார். மண்டபத்திலும் யாருக்கும் ஒன்றும் விளங்கவில்லை. அவள் பொய்யும் சொல்லவில்லை, பிடிபடவும் இல்லை. திரைக்குப் பின்னால் முதலாளி என் கையைப் பிடித்து, மன்னார் எங்கே இருக்கிறது என்று கேட்டார். உங்களுக்கு உண்மையாகவே தெரியாதா என்று கேட்டேன். இந்தியாப் பக்கம் என்றுதான் தெரியும், ஊரை நான் கேட்டதில்லை என்றார்.

பிறகு அவள் பாடினாள். முதல் குரல் நான் பயந்ததுபோல உடைந்துதான் கிளம்பியது. கிதார்க்காரர் நிமிர்ந்து பார்த்து, அவளுக்காக ஒரு சுற்று அதிகமாக வாசித்தார். இரண்டாம் முறை அந்த "ஆய்" எழுந்தபோது, அது உணவகத்தில் கேட்ட குரலாக இல்லை. அங்கே அவள் அதை அழகுபடுத்துவாள். இங்கே அப்படியே விட்டாள். சாவு வீட்டு வாசலில் தெருவால் வரும் பெண் எடுக்கும் குரல் அது. அவ்வளவு தூரத்திலிருந்து, அவ்வளவு உரத்து. இடையில் ஒரு வரி அவளுக்கு மறந்துபோனது என்று நினைக்கிறேன். சொல் இல்லாமல் அதே இராகத்தில் இழுத்துக்கொண்டு போய் அடுத்த வரியைப் பிடித்தாள். குதிக்காலைப் பலகையில் தட்ட வேண்டிய இடத்தில் தட்டவில்லை. அசையாமல் நின்று முடித்தாள். கைதட்டல் உடனே வரவில்லை. வந்தபோது நெடுநேரம் இருந்தது.

பரிசு கிடைக்கவில்லை. நடுவிலே ஏதோ ஓர் இடம். வேறொரு நாட்டுக்காரர் மூன்று தம்பிகளோடு துள்ளித் துள்ளிப் பாடி முதலாவதாக வந்தார். முடிந்த பிறகு செவில் அம்மா நாங்கள் சாமான் ஏற்றும் இடத்துக்கே வந்துவிட்டார். தான் அவளுக்குக் குறைந்த புள்ளிதான் போட்டதாக முகத்துக்கு நேரே சொன்னார். இது தன் ஊர்ப் பாட்டு இல்லை, என்ன பாட்டு என்று தெரியாமல் புள்ளி போட ஏலாது என்றாராம். பிறகு அவளுடைய தாடையைப் பிடித்து, இந்தக் குரலை யாரிடம் எடுத்தாய் என்று கேட்டார். சாவு வீடுகளில் என்று அவள் சொன்னாள். அந்த அம்மா, நானும் அங்கேதான் எடுத்தேன் என்று சொன்னதாகக் கிதார்க்காரர் மொழிபெயர்த்தார். சொல்லிவிட்டு, இன்னமும் சந்தேகம் தீராத முகத்தோடுதான் திரும்பிப் போனார்.

அன்று தொலைக்காட்சி பார்த்த தமிழர் எத்தனை பேரோ தெரியாது. வுப்பர்டாலில் ஒருவர் பார்த்திருக்கிறார். இரண்டு கிழமைக்குள் உணவகத்துக்கு ரெலிபோன் வந்தது. அவர்தான். ஒருமுறை பேசினால் போதும் என்றார். ஒளித்து இனிப் பயனில்லை என்று அவளுக்குத் தெரிந்துவிட்டது. உணவகம் பூட்டியிருக்கும் திங்கட்கிழமை பகலில் வரச் சொன்னாள். என்னைப் பக்கத்து மேசையில் இருக்கச் சொன்னாள். "உங்களை நம்பியில்லை அண்ணை. வேறை ஆளில்லை, அதாலைதான்" என்றாள். முதலாளி குசினிக் கதவுக்குப் பின்னால் இறைச்சி வெட்டும் கத்தியோடு நின்றார்.

அவர் தனியாகத்தான் வந்தார். அதே தழும்பு, இந்த முறை கழுத்துப்பட்டி கட்டியிருந்தார். அவளைப் பார்க்காமல் மேசையைப் பார்த்துப் பேசினார்.

"நான் உன்னைக் கூட்டிக்கொண்டு போக வரேல்லை. என்னை விட்டுவிடச் சொல்லிக் கேக்க வந்தனான்."

அவர் இன்னொரு பெண்ணைக் கண்டிருந்தார், அவர் வேலை செய்யும் பேக்கரியில். அவளும் மன்னார்தான், சண்டையில் புருசனை இழந்தவள். சட்டப்படி பிரிந்துவிடலாம், அதில் பிரச்சினை இல்லை. ஆனால் முதல் கலியாணம் கோயிலில் நடந்தது. அது செல்லாது என்று கோயிலே சொன்னால்தான் மற்றக் கலியாணத்தைக் கோயிலில் வைக்கலாம். அதற்கு இவள் போய்க் கத்தோலிக்கச் சாமியாருக்கு முன்னால் நடந்ததைச் சொல்ல வேண்டும். இவளைத் தேடி அவர் இரண்டு வருடமாக ஊர் ஊராக விசாரித்திருக்கிறார். தமிழர்கள் அநேகமாக எல்லாரும் தெரியாது, இல்லை என்றார்களாம். சொல்லும்போது ஒருமுறை என் பக்கம் திரும்பிப் பார்த்தார்.

அவள் நம்பவில்லை. அந்தப் பெண் எந்த ஊர், யாருடைய மகள், எந்தக் கோயில், எந்தச் சாமியார் என்று ஒவ்வொன்றாகக் கேட்டாள். பிறகு அவரை அங்கேயே இருக்கச் சொல்லிவிட்டு, எழுந்து போய் அந்தச் சாமியாருக்கே ரெலிபோன் எடுத்தாள். நானும் அவரும் எதிர் எதிராக இருந்தோம். கதவைப் பூட்டியது பிழைதான் என்று அவர் என்னிடம் சொன்னார். தான் வந்த புதிதில் அகதிகள் தங்கும் ஹைமுக்கு வெளியே தன்னை நாலு பேர் அடித்ததாகவும், புருவம் அப்போது வெடித்ததென்றும், அவள் வெளியே போனால் அவளுக்கும் அப்படி நடக்கும் என்று பயந்ததாகவும் சொன்னார். அதை அவளிடம் சொல்லவில்லையா என்று கேட்டேன். அப்ப எனக்குக் கதைக்கத் தெரியாது தம்பி என்றார்.

அவள் திரும்பி வந்தபோது முகம் மாறியிருந்தது. "உண்மைதானாம்" என்றாள், ஏதோ ஏமாற்றப்பட்டவள்போல. இவ்வளவு வருடம் பயந்த பயம் இப்படி முடிந்ததில் அவளுக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். தான் வந்து சொல்லுவதாக ஒத்துக்கொண்டாள். முதலாளி கத்தியை வைத்துவிட்டுக் கோப்பி கொண்டுவந்தார். மாசியில் நானே அவளை வானில் கூட்டிப் போனேன். சாமியாரின் வீட்டு வாசலில் இறங்குவதற்கு முன்பு, வானைத் தெருப் பக்கம் திருப்பி நிறுத்தச் சொன்னாள், ஓட வேண்டி வந்தால் என்று. ஓட வேண்டி வரவில்லை. இருட்ட முன்னமே வேலை முடிந்தது.

அதற்குப் பிறகு அவள் ஒளிக்கவில்லை. உள்ளூர்ப் பத்திரிகை ஒன்று அவளைப் பற்றி எழுதியது. வழக்கமாக வரும் சிலர், இவ்வளவு காலமும் நாங்கள் கேட்டது உண்மையான ஃபிளமெங்கோ இல்லையா என்று முதலாளியிடம் முறைப்பட்டார்கள். குரல் ஒன்றும் மாறவில்லை என்பதை அவரால் அவர்களுக்கு விளங்கப்படுத்த முடியவில்லை. பிறந்ததே தெற்கில் என்று நிச்சயமாகத் தெரிந்த ஒரு பெண்ணை வெள்ளிக்கிழமைகளுக்குக் கொண்டுவந்தார். இவளும் கிதார்க்காரரும் வேறு நகரங்களுக்குப் பாடப் போனார்கள். இசைத்தட்டு ஒன்றும் வந்தது. அந்தப் போட்டியில் பாடிய பாட்டுத்தான் அதில் முதலாவது.

தமிழர்களும் அவளைத் தேடத் தொடங்கினார்கள். ஒரு பெரிய வெள்ளிக்கு, தமிழ்க் கத்தோலிக்கர் கூடிய கோயிலில் வியாகுலப் பாட்டுப் பாடக் கேட்டார்கள். நான்தான் ஓட்டிக்கொண்டு போனேன். அவள் வெள்ளைச் சேலை உடுத்து, வாத்தியம் இல்லாமல் பாடினாள். பின்னால் இருந்த ஒரு அக்கா சால்வையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதார். முடிந்த பிறகு மண்டபத்தில் கஞ்சி குடிக்கும்போது மன்னார் ஆள் ஒருவர் என்னிடம் மெதுவாகக் கேட்டார், பிள்ளை எங்கே பழகினது என்று. ஊரில்தான் என்றேன். அவர் தலையை ஆட்டவில்லை.

"இல்லைத் தம்பி. இது எங்கடை பாட்டு மாதிரியும் கிடக்கு, இல்லாத மாதிரியும் கிடக்கு. என்னவோ கலந்திருக்கு."

வானுக்குள் வந்ததும் அதை அவளிடம் சொன்னேன். அவள் கோபிப்பாள் என்று நினைத்தேன். செருப்பைக் கழற்றிவிட்டுக் காலை இருக்கைக்கு மேலே எடுத்து வைத்துக்கொண்டு, நெடுநேரம் சிரித்தாள்.

"அங்கையும் நம்பேல்லை, இங்கையும் நம்பீனமில்லை" என்றாள்.

பிறகு, பசிக்குது, அந்தக் கஞ்சிக்கு உப்பில்லை, வழியிலே எங்கேயாவது மீன் பொரியல் கிடைக்குமா என்று கேட்டாள். பெரிய வெள்ளியில் எல்லாக் கடையும் பூட்டு. பெற்றோல் நிலையம் ஒன்றில் ரொட்டியும் வெண்ணெய்க்கட்டியும் வாங்கி, நின்றபடி சாப்பிட்டுவிட்டு ஸ்டுட்கார்ட்டுக்கு வந்து சேர்ந்தோம்.